சிவப்பு போன பலகை

வெயில் முதலில் தின்பது சிவப்பைத்தான். பலகைத் தொழிலில் இருக்கிற எல்லாருக்கும் இது தெரியும். தெரிந்தும் முக்கியமான சொல்லைச் சிவப்பில்தான் போடுவார்கள், கேட்கிறவர்கள் அப்படித்தான் கேட்பார்கள். சில வருஷத்தில் சிவப்பு வெளுத்து, கறுப்பு மட்டும் மிஞ்சும். ஜப்பானில் ககாவா பக்கம் வயல்வெளிகளில் "........ ஜாக்கிரதை!" என்று நிற்கிற பலகைகள் நிறைய உண்டு. எதற்கு ஜாக்கிரதை என்பது மட்டும் இருக்காது.

மிசாவோவுக்கு இந்தப் பலகைகள் மேல் ஒரு பிரியம். எங்கேயாவது ஒன்று தட்டுப்பட்டால் புருஷன் கெய்தாவிடம் வண்டியை ஓரங்கட்டச் சொல்லிப் படம் எடுத்துக்கொள்வாள். "உலகத்துலயே நேர்மையான பலகை இதுதான். எதுக்குன்னு தெரியாது, ஜாக்கிரதையா மட்டும் இரு" என்பாள். கெய்தா அதைக் கேட்டுக் கேட்டு அலுத்திருந்தான்.

இரண்டு பேரும் சேர்ந்துதான் பலகைக் கடை நடத்தினார்கள். கணினியில் வடிவமைப்பது அவள். வெட்டுவது, ஒட்டுவது, குழி தோண்டி நடுவது அவன். கடைக்கு வருகிற வேலையில் பாதி பருமனான கோத்திக் எழுத்துதான். கொம்பும் வாலும் இல்லாமல், செங்கல் அடுக்கின மாதிரி நிற்கிற எழுத்து அது. மெல்லிசில் தொடங்கிப் படிப்படியாகப் பருத்துக்கொண்டே போகும். கடைசிப் படிக்கு மிசாவோ வைத்திருந்த பெயர் சுமோ. சூப்பர்மார்க்கெட்டில் முட்டை விலை, தேர்தலில் நிற்பவர் பெயர், சாலை வேலை நடக்கிற இடத்துத் தட்டி எல்லாமே சுமோதான். அரைக் கவனத்தில் வண்டி ஓட்டிக்கொண்டு போகிறவனைச் சட்டையைப் பிடித்து நிறுத்த அதை விட்டால் வேறு எழுத்து கிடையாது.

ஆனால் எழுத்தைப் பருமனாக்குவது லேசான காரியம் இல்லை. கோடு தடிக்கத் தடிக்க உள்ளே இருக்கிற வெள்ளை அடைத்துக்கொண்டே வரும். ஒரே எழுத்து ஒரு முழுச் சொல்லாகிற ஜப்பானிய எழுத்துகளில், கோடு நெருங்கியது என்றால் கடைசியில் கரிக்கட்டி மாதிரி ஆகிவிடும். அதனால் வரைகிறவர்கள் வெளிக்கோடுகளைத் தடியாக வைத்து, உள்கோடுகளை மட்டும் யாருக்கும் தெரியாமல் இளைக்க வைப்பார்கள். எள்ளளவாவது வெள்ளை விட்டுவைப்பார்கள். எழுத்து மூச்சு விடுவது அந்த எள்ளளவு இடத்தில்தான் என்பது மிசாவோவின் எண்ணம்.

நகராட்சியில் குளம், வாய்க்கால் பார்க்கிற பிரிவில் உசுயி என்று ஓர் அதிகாரி இருந்தார். எதைப் பேசினாலும் முதலில் மன்னிப்புக் கேட்டுவிட்டுத்தான் பேசுவார். வாற்கோதுமை அறுவடை முடிந்து, நடவுக்கு மதகு திறக்கப்போகிற சமயத்தில் அவர் போன் செய்தார். மிசாவோவைக் குடும்பப் பெயரில், யமாஜி-சான் என்று மரியாதையாகத்தான் கூப்பிடுவார்.

"மன்னிச்சுக்கோங்க யமாஜி-சான். குளத்துப் பலகையெல்லாம் புதுசா மாத்தறோம்ல, அதுல முகாயே குளத்துது ஒண்ணு பாக்கி நிக்குது. அதுல என்ன எழுதியிருந்ததுன்னு எங்களுக்கே தெரியல."

"பழைய விவரம் ஆபீஸ்ல இருக்குமே?"

"அப்ப அது தனி கிராமம். மூணு ஊரையும் ஒண்ணாச் சேர்த்தப்ப பழசெல்லாம் எங்க போச்சோ. குளம்தானே, 'ஆழம் ஜாக்கிரதை'ன்னு போட்டுட்டா ஆச்சு."

"இருங்க, ஒரு எட்டு போய்ப் பார்த்துட்டுச் சொல்றேன்" என்றாள் மிசாவோ. சொல் தெரியாத பலகைக்குச் சொல் கண்டுபிடிக்கிற வாய்ப்பை விட அவளுக்கு மனசில்லை.

முகாயே குளத்துக்கு முன்னால் உதோன் நூடுல்ஸ் கடை ஒன்று உண்டு. நொபுவே என்கிற அம்மாள் நடத்துகிறாள். ஐம்பது தாண்டிய, வாய் ஓயாத பெண்பிள்ளை. மிசாவோவும் கெய்தாவும் போனபோது மத்தியானக் கூட்டம் கலையத் தொடங்கியிருந்தது. தட்டில் வறுத்த கத்திரிக்காயை எடுத்து வைத்துக்கொண்டே மிசாவோ விஷயத்தைக் கேட்டாள்.

"அக்கா, குளத்துக் கிழக்குக் கரையில ஒரு பலகை நிக்குதே, அதுல என்ன போட்டிருந்தது?"

"பாம்பு" என்றாள் நொபுவே, யோசிக்காமல். "பாம்பு ஜாக்கிரதை."

மூலையில் உதோனை உறிஞ்சிக்கொண்டிருந்த லாரிக்காரர் தலையைத் தூக்கினார். "பாம்பா? குரங்குதான் அக்கா. குரங்கு ஜாக்கிரதை."

"இந்தச் சமவெளியில குரங்கு எங்கய்யா வரும்? காலையில கண்ணாடி பார்த்துட்டு வந்தியா?"

கடையே சிரித்தது. வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த நொபுவேயின் புருஷன் உள்ளேயிருந்து "வழுக்கல்!" என்று கத்தினார். இன்னொருத்தர் மின்சாரம் என்றார்.

"ஆளுக்கொண்ணு சொல்றீங்களே" என்றாள் மிசாவோ. "தினம் அந்தப் பக்கமாத்தானே போறீங்க, வர்றீங்க?"

சிரிப்பு சட்டென்று இறங்கிவிட்டது. லாரிக்காரர் கிண்ணத்துக்குள் குனிந்துகொண்டார்.

"கிழக்குக் கரையில நாங்க போறதில்ல" என்றாள் நொபுவே. "சுத்துவழி அது."

கிழக்குக் கரை சுற்றுவழி இல்லை. ஊருக்குப் போக அதுதான் குறுக்குவழி என்பது வெளியே வந்து நின்று பார்த்தவுடனே மிசாவோவுக்குத் தெரிந்தது. ஆனால் பாதையில் புல் முழங்கால் உயரத்துக்கு மண்டியிருந்தது.

பலகை கரையின் மேல், தண்ணீரைப் பார்க்காமல் பாதையைப் பார்த்து நின்றது. வெள்ளைத் தகடு. கீழ்ப்பாதியில் "ஜாக்கிரதை!" என்று பெரிதாகக் கறுப்பில் சுமோ எழுத்து, இன்னும் கம்பீரமாக. மேல்பாதி வெறும் வெள்ளை.

தகட்டில் மிசாவோ விரலை ஓட்டினாள். மாவு மாதிரி ஒட்டியது. வெயில் பட்டுப் பட்டுப் பெயிண்ட் சுண்ணாம்பாகிப் போயிருந்தது. ஒரு காலத்தில் சிவப்பு மை மூடியிருந்த இடத்தில் மட்டும் பெயிண்ட் அவ்வளவு கெட்டிருக்காது. மெல்லிசு எழுத்தாக இருந்திருந்தால் எதுவும் மிஞ்சியிருக்காது. இது சுமோ. இவ்வளவு இடத்தை அடைத்துக்கொண்டு வருஷக்கணக்காக நின்ற எழுத்து தடம் விடாமல் போகுமா?

வாய்க்கால் தண்ணீரில் துணியை நனைத்துக்கொண்டு வந்து மேல்பாதியை ஒரே இழுப்பாகத் துடைத்தாள். சுண்ணாம்பான இடமெல்லாம் நீரைக் குடித்துச் சாம்பல் நிறமாகியது. அதன் நடுவே, குடிக்காத இடம் பளபளவென்று மேலே வந்தது. தடித்த மூன்று எழுத்து. வெயிலில் ஓரங்கள் காய்ந்து மறையத் தொடங்குவதற்குள் அவசர அவசரமாகப் படம் எடுத்தாள். என்ன எழுத்தென்று கண்ணுக்குப் பிடிபடவில்லை. நடுவில் இருந்தது மட்டும் வளைவான சின்ன எழுத்து; இரண்டு பக்கமும் இருந்தவை நெருக்கமான கட்டிகள்.

அவள் திரும்பியபோது கெய்தா கரைச் சரிவிலிருந்து ஏறி வந்துகொண்டிருந்தான். பூட்ஸ் இரண்டும் கணுக்கால் வரை ஈரம்.

"என்னத்துக்குக் கூப்பிட்ட?" என்றான்.

"நான் எங்க கூப்பிட்டேன்?"

"கீழேருந்து கூப்பிட்டியே. இங்க வா, இதைப் பாருன்னு."

"நான் இங்கயேதான் நிக்கிறேன். நீ சரிவுல என்ன பண்ணின?"

கெய்தா தண்ணீரைத் திரும்பிப் பார்த்தான். அல்லி இலை கூட அசையவில்லை. "வெயில் மண்டைக்கு ஏறிடுச்சு போல" என்று சிரித்தான். அவளும் சிரித்தாள். வீட்டுக்கு வருகிற வழியில் அவன் வழக்கத்தைவிட வேகமாக ஓட்டினான்.

கடைக்கு வந்ததும் படத்தைக் கணினியில் ஏற்றி, தடத்தை மட்டும் பிரித்தெடுத்தாள். பழைய பலகைகளில் எந்தெந்த எழுத்துரு புழங்கியது என்பது அவளுக்கு அத்துப்படி. அவற்றின் கடைசிப் பருமனை வரிசையாக எடுத்து, கண்ணாடிக் காகிதம் மாதிரித் தடத்தின் மேல் வைத்து வைத்துப் பார்த்தாள். நடு எழுத்து முதலில் பொருந்தியது; முதல் சொல்லோடு ஒட்டிக்கொள்கிற அசை அது. அது தெரிந்ததும் இரண்டு பக்கத்துக் கட்டிகளும் தாமாகவே பிரிந்து நின்றன.

"கூப்பிடு குரல்" என்று வாய்விட்டுப் படித்தாள் மிசாவோ. "கூப்பிடு குரல் ஜாக்கிரதை."

கெய்தா பின்னால் வந்து நின்றான்.

"தேடித் தேடி நீயாப் படிக்கிற" என்றான். "மேகத்துல யானை தெரியற மாதிரி."

"ஓரம் ஓரமாப் பொருந்துது, பாரு. ஒரே ஒரு இடத்துலதான் இடிக்குது."

இடித்தது இங்கேதான். "கூப்பிடு" என்கிற எழுத்தின் இடது பக்கத்தில் சின்னச் சதுரம் ஒன்று இருக்கும். அந்த எழுத்துமுறையில் சதுரம் என்றால் வாய். எவ்வளவு பருமனாக வரைந்தாலும் அந்தச் சதுரத்துக்குள் ஒரு பொட்டு வெள்ளை விட்டே ஆகவேண்டும். கணினியில் இருந்த எழுத்தில் விட்டிருந்தது. பலகைத் தடத்தில் அது இல்லை. முழுக்க மூடியிருந்தது. மை கசிந்து அடைத்திருக்கும் என்று முதலில் நினைத்தாள். ஆனால் அதைவிட நெருக்கமான சந்துகள் பக்கத்து எழுத்தில் சுத்தமாகத் திறந்திருந்தன. பலகை செய்தவர் வேண்டுமென்றே வாயை மட்டும் அடைத்திருக்கிறார்.

மறுநாள் உசுயியிடம் போனில் சொன்னாள்.

"ரொம்ப மன்னிக்கணும். அப்படிப் போட முடியாதுங்க. யாராவது படம் பிடிச்சுப் போடுவாங்க, நகராட்சியே பேய்க்கதை சொல்லுதுன்னு ஊரே சிரிக்கும். ஆழம்னே போட்டுடுங்க. ஆழம்னா நிஜமாவே ஆழம்தானே?"

அவர் சொல்வதிலும் தப்பில்லை. மஞ்சள் தகட்டில் "ஆழம் ஜாக்கிரதை!" என்று வெட்டி ஒட்டினாள். ஆழத்தைச் சிவப்பில் போடச் சொன்னார் உசுயி. அப்படியே போட்டாள்.

பலகை நடப் போன அன்று காற்றே இல்லை. மதகு திறந்து தண்ணீர் கொஞ்சம் இறங்கியிருந்தது. கரையோரச் சேறு வெயிலில் மினுங்கியது. கெய்தா புதுக் கம்பத்தை நட்டு, திருகு எடுக்க வண்டிக்குப் போனான். மிசாவோ பலகையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"மிசாவோ. இதக் கொஞ்சம் பிடியேன்."

கெய்தாவின் குரல். எதையாவது பல்லில் கவ்விக்கொண்டு பேசுவானே, அந்தக் குழறல் உட்பட அவன் குரலேதான். கீழே, தண்ணீர்ப் பக்கமிருந்து வந்தது. அவன் எப்போது கீழே போனான் என்று அவளுக்குத் தோன்றவே இல்லை. இத்தனை வருஷமாக ஒரு நாளைக்கு எத்தனையோ தடவை கேட்கிற குரல். கேட்டால் கால் தானாகப் போகும்.

"வர்றேன் இரு" என்றாள்.

பலகையைக் கம்பத்தில் சாய்த்து வைத்துவிட்டுச் சரிவில் இறங்கினாள். அவள் பதில் சொன்னதும் குரல் இன்னும் கொஞ்சம் கிட்டத்தில் வந்தது. "இங்கதான். கையக் குடு." அதில் ஒரு பிரியம் இருந்தது. கல்யாணமான புதிதில் அவன் அப்படிப் பேசியது உண்டு. அவள் சிரித்துக்கொண்டே கையை நீட்டினாள். ஜில்லென்று இருந்தது. அதன் பிறகுதான் இடுப்பு வரை தண்ணீரில் நிற்பது அவளுக்குத் தெரிந்தது. எப்படி அவ்வளவு தூரம் நடந்தாள் என்று பிற்பாடு எவ்வளவு யோசித்தும் ஞாபகம் வரவில்லை.

மேலே வண்டிக் கதவு டமாலென்று அடித்தது. நிமிர்ந்தாள். வண்டிப் பக்கத்தில் கெய்தா திருகுப் பெட்டியும் கையுமாக, வாயில் சோற்று உருண்டையோடு, சிலை மாதிரி நின்றான்.

அதே சமயம் தண்ணீருக்குள்ளிருந்து அவன் குரல், "மேல பாக்காத" என்றது.

கெய்தா பெட்டியைப் போட்டுவிட்டு ஓடி வந்தான். பேர் சொல்லிக் கூப்பிடவில்லை. வாயே திறக்கவில்லை. சேற்றில் இறங்கி அவள் சட்டையைக் கொத்தாகப் பிடித்து இழுத்தான். சேறு விட மாட்டேன் என்றது. இரண்டு பேரும் விழுந்து புரண்டு, கைகளால் ஊர்ந்து கரை ஏறினார்கள். அவளுடைய ஒரு பூட்ஸ் அங்கேயே போய்விட்டது.

நொபுவே அவர்களைப் பார்த்ததும் என்ன ஏது என்று கேட்கவில்லை. துண்டு கொடுத்தாள், சூடான ரசத்தைக் கிண்ணத்தில் ஊற்றிக் கையில் வைத்தாள். மிசாவோவின் பல் கிண்ணத்தில் பட்டுக் கடகடத்தது.

"யாரு குரல்ல கூப்பிட்டுச்சு?" என்று நொபுவே மெதுவாகக் கேட்டாள்.

மிசாவோ கெய்தாவைக் காட்டினாள்.

"தெரிஞ்சே பாம்புன்னு சொன்னீங்களாக்கா?"

"சத்தியமா எனக்குப் பாம்புன்னுதாம்மா ஞாபகம். எப்படியோ அப்படித்தான் ஞாபகம் இருக்கு." நொபுவே எதிரே உட்கார்ந்தாள். "முன்னாடி மீன் பிடிக்க வெளியூர்லேருந்து ஒருத்தர் வந்தாரு. இங்கதான் சாப்பிட்டாரு, நல்ல மனுஷன். அந்தக் கரையிலேருந்து பொண்டாட்டிக்குப் போன் போட்டிருக்காரு, என்ன தண்ணிப் பக்கத்துலேருந்து கூப்பிடுற, எப்ப வந்தன்னு. அந்தம்மா தகமாட்சு டவுன் கடைத்தெருவுல நிக்குது. நான் இங்க இருக்கேன்னு அது கத்துது. இவரு அதைக் காதுலயே வாங்கல. இதோ வர்றேன்னு சொன்னாராம். அது யாருக்குச் சொன்னதுன்னு அந்தம்மாவுக்கு இன்னிக்கு வரைக்கும் தெரியாது."

"உங்களுக்கு? உங்களை யாரும் கூப்பிட்டதில்லையா?"

நொபுவே துண்டை மடித்தாள், பிரித்தாள், மறுபடி மடித்தாள். "சின்ன வயசுல பலகை சிவப்பா இருந்தப்ப எல்லாரும் அந்த வழியாத்தான் பள்ளிக்கூடம் போவோம். ஒண்ணும் ஆனதில்ல. வெளுத்தப்புறம்தான்."

உள்ளே அவள் புருஷன் நறுக்குவதை நிறுத்தியிருந்தார்.

அந்த வாரமே மிசாவோ தானாக "கூப்பிடு குரல் ஜாக்கிரதை!" என்று இன்னொரு பலகை செய்தாள். யாரும் கேட்கவில்லை. சிவப்பு ஒரு துளி கூட வேண்டாம் என்று முடிவு செய்து, எல்லாவற்றையும் கறுப்பிலேயே போட்டாள். இருப்பதிலேயே பருமனான கோத்திக்கை எடுத்தாள். அதுவும் போதாமல் ஒவ்வொரு கோட்டுக்கும் இன்னும் கொஞ்சம் சதை ஏற்றினாள். எள்ளளவு வெள்ளையைக் காப்பாற்றத்தான் இத்தனை வருஷம் பழகியிருந்தாள். இப்போது வாய்ச் சதுரத்தைத் தேர்ந்தெடுத்து, உள்ளே இருந்த பொட்டை அடைத்தபோது, மவுஸைப் பிடித்திருந்த அவள் கை கூசியது. திரையில் எழுத்து மூச்சை நிறுத்திக்கொண்டு அவளையே பார்ப்பது போல இருந்தது.

காதில் பஞ்சு அடைத்துக்கொண்டு இரண்டு பேரும் போய் நட்டுவிட்டு வந்தார்கள். இடுப்பில் கயிறு கட்டி, ஒரு முனை வண்டியில். ஒரு வார்த்தை பேசவில்லை, கை ஜாடைதான். திரும்பும்போது கவனித்தாள்: கம்பத்தில் சாய்ந்தபடியே கிடந்த நகராட்சிப் பலகையில் "ஆழம்" என்கிற சொல் அதற்குள் வெளிறி, ரோஜா நிறமாகியிருந்தது. கொண்டுவந்து வைத்துப் பத்து நாள் கூட ஆகவில்லை. அவள் வாங்கிய சிவப்பு மட்டமான சரக்கு இல்லை.

உசுயி முதல் தடவையாக மன்னிப்புக் கேட்காமல் பேசினார்.

"யாரைக் கேட்டு வச்சீங்க? புகார் வந்திருக்கு. இன்னிக்கே நான் போய் எடுத்துடறேன்."

"தனியாப் போகாதீங்க" என்றாள் மிசாவோ. "போனா, யாரு கூப்பிட்டாலும் பதில் சொல்லாதீங்க."

அவர் போனை வைத்துவிட்டார். சாயங்காலம் கடை வாசலில் வந்து நின்றபோது சட்டையெல்லாம் வேர்வை, ஆனால் கால்சட்டை காய்ந்தே இருந்தது. கெய்தா நாற்காலியை நகர்த்தினான். உசுயி உட்காரவில்லை.

"எங்கம்மா குரல் மாதிரி..." என்று தொடங்கினார். "ஆனா வார்த்தை வரல. வாயைப் பொத்திக்கிட்டுப் பேசினா எப்படி இருக்கும், அந்த மாதிரி. என்ன சொல்லுதுன்னு புரியல. புரியாததால நான் போகல."

மிசாவோ ஒரு தம்ளர் தண்ணீரை நீட்டினாள்.

"பலகை இருக்கட்டும்" என்றார். "புகாரை நான் பார்த்துக்கறேன். கறுப்பு வெளுக்காதுதானே, யமாஜி-சான்?"

"சீக்கிரத்துல வெளுக்காது."

"சீக்கிரத்துலன்னா?"

மிசாவோ வாசலில் விழுந்திருந்த சாயங்கால வெயிலைக் காட்டினாள். அவர் நன்றி சொல்லிக் குனிந்துவிட்டுப் போனார். பிறகு இந்த விஷயமாக நகராட்சியிலிருந்து ஒரு வார்த்தை வரவில்லை. அந்த வருஷம் நடவு நடந்தது, குளத்தில் தண்ணீர் வற்றி மறுபடி நிரம்பியது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. கிழக்குக் கரைப் புல்லை யாரோ வெட்டியிருந்தார்கள். ஒன்றிரண்டு பேர் அந்த வழியாக சைக்கிளில் போகத் தொடங்கினார்கள் என்று நொபுவே சொன்னாள்.

ஆனால் மிசாவோவின் வீட்டில் ஒரு பழக்கம் மாறிப் போயிற்று. கெய்தா கூப்பிட்டால் அவள் பதில் சொல்வதில்லை. அவள் கூப்பிட்டால் அவனும் சொல்வதில்லை. எழுந்து போய், வாசலில் முகத்தைக் காட்டி, பிறகுதான் பேச்சு. இப்படிச் செய்வோம் என்று அவர்கள் பேசி வைத்துக்கொள்ளவில்லை.

குளிர்காலத்தில் ஒரு முற்பகல். மிசாவோ புத்தாண்டுத் தள்ளுபடித் தட்டி ஒன்றுக்கு எழுத்தைச் சரிபார்த்துக்கொண்டிருந்தாள். பட்டறைப் பக்கமிருந்து குரல் வந்தது.

"மிசாவோ! இங்க வா!"

அவள் மவுஸில் வைத்த கையை எடுக்கவில்லை.

"மிசாவோ! சீக்கிரம் வா!"

குரலில் வலி இருந்தது. அது தெரிந்தது. தெரிந்ததால்தான் அவள் இன்னும் இறுக்கமாக உட்கார்ந்தாள். மூன்றாம் தடவை குரல் வரவில்லை. கொஞ்ச நேரத்தில் கதவு திறந்து கெய்தா வந்து நின்றான். இடது கையைத் துணியில் சுற்றியிருந்தான். துணி நனைந்து தரையில் சொட்டியது. வெட்டுக்கத்தி வழுக்கியிருக்கிறது.

அவள் எழுந்து ஓடிப் போய்க் கையைப் பிடித்தாள். சூடாக இருந்தது.

"நான்தான்" என்றான் கெய்தா.

"தெரியுது. இப்பத் தெரியுது."

அவன் கோபப்படவில்லை. அவள் இடத்தில் அவன் இருந்திருந்தாலும் எழுந்து போயிருக்க மாட்டான். அவள் வண்டிச் சாவியை எடுத்தாள், இரண்டு பேரும் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். வழி முழுக்க அவன் அவளைப் பேர் சொல்லிக் கூப்பிடவில்லை. திரும்ப வேண்டிய இடம் வந்தபோது மட்டும் தோளைத் தொட்டான்.